விதி ஸ்கீமாவில் இருக்கட்டும்: மட்டாஞ்சேரி வணிகத்துக்கு மென்பொருள் எழுதும் தமிழ்ப் பொறியாளர்களுக்கு ஒரு திறந்த மடல்



கொச்சி மட்டாஞ்சேரியில் மிளகும் சுக்கும் மஞ்சளும் ஏலமும் கைமாறும் கடைகளுக்கும் கிடங்குகளுக்கும் பில், கணக்கு, சரக்கிருப்பு ஆகியவற்றைக் கவனிக்கும் மென்பொருளை, காக்கநாட்டு இன்ஃபோபார்க்கிலோ கோவையிலோ சென்னையிலோ அமர்ந்து எழுதித் தருகிற தமிழ்ப் பொறியாளர்கள் அனைவரையும் நோக்கி இம்மடல் எழுதப்படுகிறது. 1957இல் தொடங்கப்பட்ட இந்திய மிளகு மற்றும் நறுமணப் பொருள் வணிகச் சங்கம் இயங்கிவரும் யூதத் தெருவின் வணிகம், இன்று வாய்மொழியாலும் பேரேட்டாலும் மட்டும் நடப்பதில்லை. ஒரு மூட்டை மிளகு கிடங்கை விட்டு வெளியேறுவதற்குள் அதைப் பற்றிய தரவு பல கணினிகளைக் கடந்து சென்றுவிடுகிறது. அந்தத் தரவு எப்படி இருக்க வேண்டும் என்ற விதிகள் ஏபிஐ ஸ்கீமாவிலேயே எழுதப்பட வேண்டும் என்பதும், எழுதிய விதிகளைச் சர்வர் தன் வாசலிலேயே அமல்படுத்த வேண்டும் என்பதும், அவை வணிகத்தின் உண்மையைவிடத் தளர்ந்தும் இறுகியும் போகக் கூடாது என்பதுமே இம்மடல் முன்வைக்கும் கோரிக்கை.

முதலில் சொற்களைத் தெளிவுபடுத்திக்கொள்வது நல்லது. ஏபிஐ என்பது ஒரு மென்பொருள் இன்னொரு மென்பொருளிடம் தரவைக் கேட்பதற்கும் கொடுப்பதற்கும் இரண்டுக்கும் இடையே வகுத்துக்கொண்ட முறை. ஸ்கீமா என்பது, அவ்வாறு பரிமாறப்படும் தரவில் எந்தெந்தப் புலங்கள் இருக்கும், எவை கட்டாயம், ஒவ்வொன்றும் எழுத்தா எண்ணா பட்டியலா என்பதைக் கணினியும் மனிதரும் ஒருசேரப் படிக்கும்படி எழுதிவைத்த ஆவணம். கட்டுப்பாட்டு விதி என்பது அந்தப் புலத்துக்குள் எந்த மதிப்பு நுழையலாம், எது நுழையக் கூடாது என்பதை வரையறுக்கும் வாக்கியம்: குறைந்தபட்சம், அதிகபட்சம், எழுத்துகளின் நீளம், வடிவம், அனுமதிக்கப்பட்ட மதிப்புகளின் பட்டியல் என அது பல வகைப்படும். ஜேசன் வடிவத் தரவுக்கு இவ்விதிகளை எழுதும் மொழியாக ஜேசன் ஸ்கீமா பரவலாகப் பயன்படுகிறது. ஏபிஐகளை விவரிக்கும் ஓப்பன்ஏபிஐ வரையறை, 2021 பிப்ரவரியில் வெளிவந்த தன் 3.1ஆம் பதிப்பிலிருந்து, அதே மொழியின் 2020-12 வரைவை முழுமையாக ஏற்றுக்கொண்டது.

நறுமணப் பொருள் வணிகத்துக்கு இது தொலைவில் நடக்கும் தொழில்நுட்பப் பேச்சன்று என்பதற்கு ஜி.எஸ்.டி. மின்விலைப்பட்டியலே, அதாவது இ-இன்வாய்ஸே, போதிய சான்று. 2020 அக்டோபர் 1ஆம் தேதி, ஆண்டு விற்றுமுதல் 500 கோடி ரூபாயைத் தாண்டிய நிறுவனங்களுக்குக் கட்டாயமான இம்முறை, படிப்படியாக வரம்பு குறைக்கப்பட்டு, 2023 ஆகஸ்ட் 1 முதல் 5 கோடியைத் தாண்டியவர்கள் வரை வந்து சேர்ந்தது. மிளகு கிலோ 600 ரூபாய் என்று வைத்துக்கொண்டால், ஆண்டுக்கு ஏறக்குறைய 83 டன் விற்பவரே இந்த வரம்பைத் தொட்டுவிடுகிறார். அவர் இன்னொரு வணிகருக்கு விற்கும் ஒவ்வொரு சரக்கின் பில்லும் ஜேசன் வடிவில் அரசின் பதிவுத் தளத்துக்குச் சென்று, அங்கே வெளியிடப்பட்டுள்ள ஸ்கீமாவின்படி சோதிக்கப்பட்டு, 64 எழுத்துகள் கொண்ட பதிவெண்ணைப் பெற்றுத் திரும்ப வேண்டும். அந்த எண் இல்லாத பில் சட்டப்படி பில்லே ஆகாது. ஆகவே நாட்டின் மிகப் பெரிய தரவுச் சரிபார்ப்பு அமைப்புகளுள் ஒன்று, மட்டாஞ்சேரியின் பில் போடும் மேசைக்கே வந்துவிட்டது எனலாம்.

இந்த ஸ்கீமாவில் உள்ள இரண்டு புலங்களை அருகருகே வைத்துப் பார்ப்பது பயன் தரும். அஞ்சல் குறியீட்டு எண் அங்கே எண் வகையாக வரையறுக்கப்பட்டு, 100000க்குக் குறையாமலும் 999999ஐ மிகாமலும் இருக்க வேண்டும் எனக் கட்டுப்படுத்தப்பட்டிருக்கிறது. இந்தியாவில் எந்தப் பின்கோடும் பூஜ்யத்தில் தொடங்காது என்பதால், மட்டாஞ்சேரியின் 682002 எண்ணாகச் சேமிக்கப்பட்டாலும் எதையும் இழப்பதில்லை. சரக்கை வகைப்படுத்தும் எச்.எஸ்.என். குறியீடோ எழுத்து வகையாகவே வரையறுக்கப்பட்டு, 4, 6 அல்லது 8 இலக்கங்களாக இருக்க வேண்டும் எனக் கட்டுப்படுத்தப்பட்டிருக்கிறது. மிளகின் தலைப்பு 0904, இஞ்சியும் மஞ்சளும் வரும் தலைப்பு 0910, ஏலத்தின் தலைப்பு 0908 என மட்டாஞ்சேரியின் முதன்மைச் சரக்குகள் எல்லாமே பூஜ்யத்தில் தொடங்குவதால், பின்கோடு எண்தானே, இதுவும் எண்ணாகவே இருக்கட்டும் என்று வணிகரின் உள்மென்பொருளில் ஒருவர் முடிவெடுத்துவிட்டால், 0904 அன்றே 904 ஆகிவிடும். இழந்த பூஜ்யத்தைப் பிற்பாடு முன்னால் ஒட்டுவதற்கென்றே தனி நிரல் எழுத வேண்டிய நிலை உண்டாகிறது. ஒரு மதிப்பைக் கூட்டவோ பெருக்கவோ வேண்டியிருந்தால் மட்டுமே அது எண், அடையாளமாக நிற்பதெல்லாம் எழுத்து என்ற விதியை முதல் நாளிலேயே கடைப்பிடித்தால் இவ்வகைப் பிழைகளில் பெரும்பகுதி பிறக்காது.

வடிவ விதி, அதாவது பேட்டர்ன், அடுத்துக் கவனிக்கத்தக்கது. ஜி.எஸ்.டி. பதிவெண் 15 எழுத்துகள் கொண்டது: முதல் இரண்டு மாநிலக் குறியீடு (கேரளத்துக்கு 32, தமிழ்நாட்டுக்கு 33), அடுத்த பத்து வருமான வரி பான் எண், அதன்பின் அதே பானில் எத்தனையாவது பதிவு என்பதற்கான குறி, வழக்கமாக இசட் எழுத்து, இறுதியில் சரிபார்ப்பு எழுத்து. இவற்றுள் முதல் பதினான்கின் வடிவத்தைப் பேட்டர்னால் சொல்ல முடியும். கடைசி எழுத்து முந்தையவற்றிலிருந்து கணக்கிட்டு வருவதால், அதை நிரலால்தான் சோதிக்க முடியும். வடிவம் சரியாக இருப்பதாலேயே மதிப்பு மெய்யாகிவிடாது என்பதற்குத் தேதி இன்னும் எளிய எடுத்துக்காட்டு: நாளின் முதல் இலக்கம் 0 முதல் 3 வரை, மாதத்தின் முதல் இலக்கம் 0 அல்லது 1, மற்றவை எந்த இலக்கமும் ஆகலாம் என்று எழுதப்பட்ட பேட்டர்ன், 39ஆம் நாள் 19ஆம் மாதத்தையும் தடையின்றி உள்ளே விடும். மேலும், ஜேசன் ஸ்கீமாவில் பேட்டர்ன் தொடக்கக் குறியும் முடிவுக் குறியும் இன்றி எழுதப்பட்டால், அது மதிப்பின் ஏதேனும் ஒரு பகுதியில் பொருந்தினாலே போதும் என்று கொள்ளப்படும்; ஆறு இலக்கம் வேண்டும் என நினைத்து எழுதிய விதி, இருபது இலக்கங்களையும் ஏற்றுக்கொள்ளும். தேதி, மின்னஞ்சல் போன்றவற்றுக்கான ஃபார்மட் என்ற குறிப்புச் சொல்லும் 2020-12 வரைவில் இயல்பாக வெறும் விளக்கக் குறிப்பாகவே கருதப்படுகிறது. சரிபார்க்கும் கருவியில் அதற்கான அமைப்பை இயக்கினாலன்றி அது எதையும் தடுக்காது. ஸ்கீமாவில் எழுதியாயிற்று என்ற நிம்மதியோடு பலர் நிறுத்திக்கொள்ளும் இடம் இதுதான் என்பதால், ஒவ்வொரு விதிக்கும் அது மறுக்க வேண்டிய ஒரு தவறான மதிப்பையாவது சோதனையாக எழுதிவைக்க வேண்டும் என்று இம்மடல் வலியுறுத்துகிறது.

ஒரு புலத்தைத் தனியாகப் பார்த்துச் சொல்லும் விதிகளைவிட, பல புலங்கள் ஒன்றோடொன்று பொருந்த வேண்டும் என்ற விதிகளே வணிகத்தில் அதிகம். விற்பவரின் மாநிலமும் சரக்கு சென்றுசேரும் மாநிலமும் ஒன்றாக இருந்தால் மத்திய, மாநில ஜி.எஸ்.டி. இரண்டாகப் பிரிந்து வர வேண்டும். மட்டாஞ்சேரியிலிருந்து கோவைக்குப் போனால் ஒருங்கிணைந்த ஜி.எஸ்.டி. மட்டுமே வர வேண்டும். அளவு என்ற புலம் இருந்தால் கிலோவா குவிண்டாலா மூட்டையா என்ற அலகும் கட்டாயம் உடன்வர வேண்டும். இல்லையேல் குவிண்டாலுக்குப் பேசிய விலை கிலோவுக்கு ஏறி, நூறு மடங்கு பிசகு பில்லில் அமர்ந்துவிடும், பூஜ்யத்துக்கு மேல் என்ற குறைந்தபட்ச விதியால் அதைக் கண்டுபிடிக்கவே முடியாது. இவ்வகை உறவுகளில் ஒரு பகுதியை, ஒரு புலம் இருந்தால் இன்னொன்றும் வேண்டும், ஒன்றின் மதிப்பு இதுவானால் மற்றொன்று இப்படி, என்று ஸ்கீமாவிலேயே நிபந்தனையாக எழுதலாம். வரிகளைக் கூட்டினால் மொத்தம் வருகிறதா என்ற கணக்கையும், இதே பில் எண் முன்பே வந்துள்ளதா என்ற கேள்வியையும் ஸ்கீமாவால் சோதிக்க இயலாது. முதலாவது நிரலுக்கும், இரண்டாவது தரவுத்தளத்தின் தனித்தன்மை விதிக்கும் உரியவை. எந்த விதி எங்கே காக்கப்படுகிறது என்பதை ஆவணத்தில் ஒரே இடத்தில் எழுதிவைப்பது, பின்னால் வந்து பொறுப்பேற்கும் பொறியாளருக்குச் செய்யும் பெரிய உதவி.

இனி இம்மடலின் மையக் கருத்துக்கு வரலாம். அக்மார்க் தரவரையறையின்படி, மலபார் கார்பிள்டு முதல் தர மிளகில், அதாவது தூசும் காம்பும் நீக்கிப் புடைத்துத் தேர்ந்த மிளகில், அயற்பொருள் 0.5 சதவீதத்தையும், உள்ளீடற்ற லேசான மணிகள் 2 சதவீதத்தையும், ஈரப்பதம் 11 சதவீதத்தையும் மிகக் கூடாது. இரண்டாம் தரத்தில் லேசான மணிகள் 3 சதவீதம் வரை இருக்கலாம். இந்த வரம்புகளைப் படித்த பொறியாளர் ஒருவர், ஈரப்பதம் என்ற புலத்துக்கு அதிகபட்சம் 11 என்று எழுதிவிட்டால், விதி தரநூலோடு அச்சாகப் பொருந்துவதுபோல் தோன்றும். ஆனால் மழைக்காலத்தில் கிடங்குக்கு வந்த மிளகை அளக்கும் ஊழியருக்குக் கருவி 12.4 என்று காட்டும்போது, திரை அதை ஏற்க மறுக்கிறது, லாரி வாசலில் நிற்கிறது, அவர் 11.0 என்று தட்டிவிட்டு வேலையைத் தொடர்கிறார். அந்த நொடியிலிருந்து தரவுத்தளத்தில் இருப்பது சரிபார்க்கப்பட்ட பொய். மிளகு பூஞ்சை பிடிக்கக்கூடிய ஈரத்தோடு இருப்பது எவருக்கும் தெரியாமல் போகிறது. தெரிந்துகொள்ள இருந்த ஒரே வழியை விதியே அடைத்துவிட்டது.

இங்கே தவறு விதி இருந்ததில் இல்லை. அது தவறான புலத்தின்மேல் ஏறி உட்கார்ந்ததில்தான் இருக்கிறது. அளவை என்பது கண்டதைச் சொல்வது. அதற்குரிய வரம்பு இயற்கை அனுமதிக்கும் வரம்பு, அதாவது 0 முதல் 100 வரை. தரம் என்பது உரிமைகோரல். அதற்குரிய வரம்பு தரநூலின் வரம்பு. ஆகவே, தரம் முதல் தரம் என்று குறிக்கப்பட்டிருந்தால் ஈரப்பதம் 11ஐ மிகக் கூடாது என்ற நிபந்தனையாகவே விதி எழுதப்பட வேண்டும், 12.4 என்ற அளவை அப்படியே பதிவாகட்டும், அதன்மேல் முதல் தரம் என்ற முத்திரை மட்டும் மறுக்கப்படட்டும். எந்தப் புலம் கண்டதைச் சொல்கிறது, எந்தப் புலம் உரிமை கோருகிறது என்று பிரித்தறிவதற்கு நிரலறிவு போதாது, கிடங்கில் நின்று மிளகு அளக்கப்படுவதைப் பார்த்திருக்க வேண்டும். விதி எழுதுபவர் தொழிலை அறியாதவராக இருந்தால், விதியைக் கடக்க மக்கள் பொய் சொல்லக் கற்றுக்கொள்வார்கள் என்பதே இத்துறையில் ஒருவர் மனத்தில் நிறுத்த வேண்டிய முதல் பாடம்.

தமிழருக்கு இது புதிய துன்பமும் அன்று. குடும்பப் பெயர் என்ற ஒன்று இல்லாமல், தந்தையின் பெயரின் முதலெழுத்தைத் தலைப்பெழுத்தாக இட்டுக்கொள்ளும் சமூகத்தில், லாஸ்ட் நேம் கட்டாயம், அது இரண்டு எழுத்துக்குக் குறையக் கூடாது என்ற விதி, ஒருவரின் மெய்யான பெயரையே பிழை என்று அறிவிக்கிறது. ஃபோர்ட் கொச்சியில் வெளி என்னும் பகுதியிலுள்ள தோபிகானாவில் தலைமுறைகளாகச் சலவைத் தொழில் செய்யும் தமிழ்க் குடும்பங்களாயினும், மட்டாஞ்சேரியில் கடை வைத்திருக்கும் தமிழ் வணிகராயினும், அவ்விடத்தில் ஒரு புள்ளியையோ, தம் பெயரையே மறுபடியுமோ இட்டு நகர்கிறார்கள். பிறகு வங்கி ஆவணத்திலுள்ள பெயர் வேறு, வரி ஆவணத்திலுள்ள பெயர் வேறு என்று ஆகிறது. முழுப்பெயர் என்ற ஒரே புலத்தை வைத்து, அது வெறுமையாக இருக்கக் கூடாது என்று மட்டும் கட்டுப்படுத்துவதே நேர்மையான ஸ்கீமா.

நீளத்தைக் கட்டுப்படுத்தும் விதியிலும் தமிழ் எழுத்து தனிக் கவனம் கோருகிறது. கொச்சி என்ற சொல் படிப்பவருக்கு மூன்று எழுத்து; யூனிகோடில் ஆறு குறியீட்டுப் புள்ளிகள்; யுடிஎஃப்-8 முறையில் 18 பைட். ஒகர உயிர்க்குறியை ஒற்றைப் புள்ளியாக அல்லாமல் ஒற்றைக்கொம்பு, கால் என்று இரண்டாகச் சேமிக்கும் கருவியில் இருந்து வந்தால், திரையில் எந்த வேறுபாடும் இன்றி அதே சொல் ஏழு புள்ளிகளாகவும் 21 பைட்டாகவும் ஆகிவிடும். மட்டாஞ்சேரி ஆறு எழுத்து, 11 புள்ளிகள், 33 பைட். ஜேசன் ஸ்கீமாவின் நீள விதி புள்ளிகளை எண்ணுகிறது. சில தரவுத்தளப் புலங்கள் பைட்டை எண்ணுகின்றன. ஆகவே வாசலில் ஏற்கப்பட்ட முகவரி உள்ளே சென்று வெட்டுப்படலாம், ஒரே ஊர்ப்பெயர் இரண்டு வடிவில் பதிவாகித் தேடலில் ஒன்று மட்டும் கிடைக்கலாம். உள்ளே வரும் தமிழ் எழுத்தை முதலில் என்.எஃப்.சி. என்னும் ஒருங்கிணைந்த யூனிகோடு வடிவுக்கு மாற்றி, அதன்பின், சேமிக்கும் புலம் எண்ணும் அலகிலேயே நீளத்தைச் சோதித்து, அதன்பின் சேமிப்பது என்ற வரிசையைப் பின்பற்றினால் இவ்விரண்டு சிக்கலும் நீங்கும்.

விதிகளை எங்கே அமல்படுத்துவது என்ற கேள்விக்கு விடை தெளிவானது. திரையில் செய்யும் சோதனை பயனருக்கு உதவி, அவ்வளவே. அதைக் கடந்து நேரே ஏபிஐயை அழைப்பவர்களும் உண்டு என்பதால், சர்வரின் வாசலில் ஒவ்வொரு கோரிக்கையும் ஸ்கீமாவோடு ஒப்பிடப்பட வேண்டும், தரவுத்தளத்திலும் இன்றியமையாத விதிகள் மறுபடி காக்கப்பட வேண்டும். திரைக்கு ஒன்று, சர்வருக்கு ஒன்று, ஆவணத்துக்கு ஒன்று என விதிகளைத் தனித்தனியே கையால் எழுதினால் அவை ஆறு மாதத்துக்குள் ஒன்றுக்கொன்று முரண்படத் தொடங்கும். ஒரே ஸ்கீமாக் கோப்பிலிருந்து மூன்றும் பிறக்க வேண்டும். சர்வர் திருப்பி அனுப்பும் பதிலும் அதே ஸ்கீமாவால் சோதிக்கப்பட வேண்டும், ஏனெனில் பிறருக்கு விதித்த ஒழுங்கைத் தான் காக்காத ஏபிஐயை எவரும் நம்பி இணைய முடியாது.

இதற்கு எதிராக ஒரு பழைய வாதம் உண்டு. 1980இல் இணைய நெறிமுறைகளை வகுத்த ஜான் போஸ்டல், அனுப்பும்போது கண்டிப்பாகவும் பெறும்போது தாராளமாகவும் இருக்க வேண்டும் என்ற கருத்தை முன்வைத்தார். இணையம் வளர்ந்த காலத்தில் அது பெரிதும் போற்றப்பட்டது. ஆனால் தவறான தரவைப் பொறுத்துக்கொண்டே போனால் தவறே வழக்கமாகி, புதிதாக வருபவர் அந்தத் தவறுகளையும் ஆதரித்தாக வேண்டிய நிலை உண்டாகும் என்பதை இணையக் கட்டமைப்பு வாரியமே 2023 ஜூனில் வெளியான 9413ஆம் ஆர்.எஃப்.சி. ஆவணத்தில் விரிவாக எடுத்துரைத்தது. பணமும் வரியும் உணவுத் தரமும் கலந்த வணிகத்தில், ஊகித்துத் திருத்தி ஏற்றுக்கொள்வதைக் காட்டிலும், காரணம் சொல்லித் திருப்பி அனுப்புவதே மரியாதை.

அந்தக் காரணம் சொல்லும் முறையிலும் பொறுப்பு இருக்கிறது. தவறான உள்ளீடு என்ற ஒற்றை வரி, மாலை ஆறு மணிக்கு லாரியைக் காக்க வைத்துக்கொண்டிருக்கும் கணக்கருக்கு எதையும் சொல்வதில்லை. எந்தப் புலம், என்ன மதிப்பு வந்தது, எது அனுமதிக்கப்பட்டது என்ற மூன்றும் பதிலில் இருக்க வேண்டும்; பிழைகள் ஐந்து இருந்தால் ஐந்தும் ஒருசேர வர வேண்டும், ஒன்றைத் திருத்தியபின் அடுத்தது என்று அலைக்கழிக்கக் கூடாது. பிழைப் பதிலுக்கான பொது வடிவத்தை 2023இல் வெளிவந்த 9457ஆம் ஆர்.எஃப்.சி. வகுத்துத் தந்திருக்கிறது, அதைப் பின்பற்றி, மனிதர் படிக்கும் பகுதியைத் தமிழிலும் மலையாளத்திலும் தருவது கடினமான வேலையன்று.

விதிகள் மாறும் என்பதையும் முன்கூட்டியே கணக்கில் கொள்ள வேண்டும். ஏப்ரல் 2021 முதல், விற்றுமுதல் 5 கோடியைத் தாண்டியவர்கள் எச்.எஸ்.என். குறியீட்டை 6 இலக்கத்தில் தர வேண்டும் என்று ஆனபோது, அதுவரை செல்லுபடியான நான்கு இலக்கப் பில்கள் வரலாற்றில் அப்படியேதான் இருந்தன. தளர்ந்த விதியை இறுக்குவது, நேற்றுவரை ஏற்கப்பட்டதை இன்று மறுப்பதாகும் என்பதால், அது ஏபிஐயின் புதிய பதிப்பாக, நடைமுறைக்கு வரும் நாள் குறித்து, இணைந்துள்ளோர் அனைவருக்கும் முன்னறிவித்த பிறகே செய்யப்பட வேண்டும்; பழைய பதிவுகளைப் படிக்கும்போது அவை பதிவான நாளின் விதியாலேயே அளக்கப்பட வேண்டும்.

பொறியாளர்களிடம் இம்மடல் வேண்டுவது இவைதாம். அடுத்த ஸ்கீமாவைத் தொடங்கும் முன் மட்டாஞ்சேரிக் கிடங்கு ஒன்றில் ஒரு நாளாவது நின்று, சரக்கு எப்படி அளக்கப்படுகிறது, எதை எவர் எங்கே எழுதுகிறார் என்று பாருங்கள். ஒவ்வொரு புலத்துக்கும் அதன் விதியையும், அவ்விதிக்கான காரணத்தையும் ஸ்கீமாவிலேயே எழுதுங்கள். கண்டதைச் சொல்லும் புலத்தையும் உரிமை கோரும் புலத்தையும் பிரித்து வையுங்கள். மறுக்கும்போது காரணத்தைப் பயனரின் மொழியில் முழுமையாகச் சொல்லுங்கள். உங்கள் விதியைக் கடப்பதற்காக எவரும் பொய் எழுத நேரிடுகிறதா என்று பில் போடுபவரிடமே கேளுங்கள். ஆம் என்று விடை வந்தால், திருத்தப்பட வேண்டியது அவர் எழுதிய தரவு அன்று, நீங்கள் எழுதிய விதியே.